கமுகு மட்டைக்கு அடியில்: நார்ஃபோக் தீவில் ஐந்து நாள்

நாள் 1

நத்தை பார்க்கப் போகிறோம் என்றால் யாரும் நம்பவில்லை. பக்கத்து வீட்டு அக்கா, "ஏன், உங்க தோட்டத்துல இல்லாத நத்தையா?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான். சிட்னியில் நான் இருக்கும் டூங்காபியில் ஒரு மழை பெய்தால் போதும், என் கீரைப் பாத்தியில் கீரையை விட நத்தை அதிகமாக இருக்கும்.

நாங்கள் பார்க்கப் போவது வேறு. கட்டைவிரல் நகம் அளவுதான். ஓடு கண்ணாடி போல மெல்லிசு, தேன் நிறத்தில் பளபளக்கும், சுற்றி ஓடும் விளிம்பில் ஒரு கூர்வரம்பு இருக்கும். விஞ்ஞானப் பெயர் அட்வேனா கேம்பெல்லி. உலகத்திலேயே, ஆஸ்திரேலியாவுக்குக் கிழக்கே பசிபிக் கடலில் உள்ள நார்ஃபோக் தீவில் மட்டும் இருக்கிறது. 1834-இல் ஜான் எட்வர்ட் கிரே என்ற ஆங்கிலேயர் இதற்குப் பெயர் வைத்தார். 1996-இல் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்புச் சங்கம் தன் பட்டியலில் 'அழிந்துவிட்டது' என்று எழுதி மூடியது. 2020-இல் அது உயிரோடு இருந்தது தெரிந்தது.

இந்தச் செய்தியைச் சாப்பாட்டு மேசையில் நான் வாசித்தபோது அப்பா தோசையைப் பிய்ப்பதை நிறுத்திவிட்டுக் கேட்டார்: "அழிஞ்சு போச்சுன்னு எழுதிட்டா அழிஞ்சிருமா? எழுதுனவன் போய்ப் பாத்தானா?"

அப்பாவைப் பற்றிச் சொல்லிவிட வேண்டும். வயது 76. தென்காசிப் பக்கம் வேளாண்மைத் துறையில் 31 வருஷம் வேலை பார்த்தவர். அதில் ஒரு பெரும் பகுதி நத்தை கொன்றதில் போயிற்று. ஆப்பிரிக்க ராட்சத நத்தை, உள்ளங்கை நீளம் வளருமே, அதுதான். வாழை, பப்பாளி, வெற்றிலைக் கொடிக்கால் எதையும் விடாது. செங்கோட்டை தாண்டினால் அதற்கு 'ஒச்சு' என்று பெயர். பெயர்தான் வேறு, சேதம் ஒன்றே. அப்பா வீட்டுக்கு வந்தால் சட்டையில் புகையிலைக் கஷாய வாடை அடிக்கும். அம்மா அந்தச் சட்டையைத் தனியாகத்தான் ஊற வைப்பாள். அம்மா போய் இரண்டு வருஷம் ஆகிறது. அப்பா விசிட்டர் விசாவில் என்னிடம் வந்திருக்கிறார். சிட்னியில் அவருக்கு எதுவும் பிடிக்கவில்லை. இந்த நத்தைச் செய்தியைத்தான் முதன்முதலாக இரண்டாம் தரம் வாசிக்கச் சொன்னார். அன்று ராத்திரியே டிக்கெட் பார்த்தேன்.

ஆஸ்திரேலியாவின் பகுதிதான் என்றாலும் சிட்னியில் விமானம் பன்னாட்டு முனையத்திலிருந்தே கிளம்புகிறது. இரண்டரை மணி நேரம், முழுக்கக் கடல். கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ள வேண்டும். இறங்கும்போது ஜன்னலில் முதலில் தெரிவது ஊசி மாதிரி நிற்கும் நார்ஃபோக் பைன் மரங்கள், அப்புறம் பச்சை மேய்ச்சல் நிலம், அப்புறம் தீவே முடிந்துவிடுகிறது. மொத்தப் பரப்பு 35 சதுர கிலோமீட்டர்.

விமான நிலையத்தில் என் கறிவேப்பிலை போயிற்று. பச்சைக் காய், பழம், இலை எதுவும் உள்ளே வரக் கூடாது. அறிவிப்புப் படிவத்தில் எழுதி, நானே பெட்டியில் போட்டேன். தீவுக்காரர்களே வெங்காயம், உருளைக்கிழங்கு மாதிரி ஒன்றிரண்டைத் தவிர மற்ற காய்கறியைத் தாங்களே விளைவித்துத்தான் சாப்பிடுகிறார்கள். எனக்குக் கொஞ்சம் மனசு சுணங்கியது. அப்பாவோ அதிகாரியைப் பாராட்டுகிற மாதிரி தலையாட்டினார். "இப்படி ஒருத்தன் நம்ம ஊர்ல அன்னைக்கே நின்னுருந்தா நான் முப்பது வருஷம் கஷாயம் காய்ச்சிருக்க வேண்டாம்."

ராத்திரி விடுதி மேசையில் அப்பா ஒரு நோட்டை விரித்து எழுத ஆரம்பித்தார். தேதி, கிளம்பிய நேரம், சேர்ந்த நேரம், பயண தூரம், வானிலை. உத்தியோகத்தில் இருந்தபோது மாதாமாதம் எழுதிக் கொடுத்த டூர் டைரியின் அதே கட்டங்கள், ஸ்கேல் வைத்துப் போட்டது. கடைசிக் கட்டத்தின் தலைப்பு: 'செய்த பணி'. அதில் ஒரு கோடு இழுத்துவிட்டுப் படுத்துக்கொண்டார்.

நாள் 2

கார் வாடகைக்கு எடுத்தோம். பேருந்து கிடையாது. போக்குவரத்து விளக்கு ஒன்றுகூடக் கிடையாது. சாலையில் மாடுகளுக்குத்தான் முன்னுரிமை, அது சட்டம். எதிரே வருகிற ஒவ்வொரு காரிலும் ஓட்டுநர் கையைத் தூக்கிக் காட்டுகிறார். முதலில் டயரில் காற்று இல்லையோ என்று நிறுத்திப் பார்த்தேன். வணக்கம் சொல்கிறார்களாம். ஒரு மணி நேரத்தில் அப்பா எல்லோருக்கும் கையெடுத்துக் கும்பிட ஆரம்பித்துவிட்டார்.

கிங்ஸ்டனைப் பார்த்தோம். கைதிகளைக் கொண்டு கட்டிய ஊர். 1788-இல் ஒரு தரம், 1825 முதல் 1855 வரை இன்னொரு தரம், இரண்டாவதுதான் கொடூரம். 2010-இலிருந்து உலகப் பாரம்பரியச் சின்னம். கல் கட்டடங்கள் அழகாகத்தான் இருக்கின்றன. அழகாக இருப்பதே எனக்குச் சங்கடமாக இருந்தது. அதிக நேரம் நிற்கவில்லை.

கைதிகள் போன பிறகு, 1856 ஜூன் 8 அன்று பிட்கெய்ன் தீவிலிருந்து கிட்டத்தட்ட இருநூறு பேர் வந்து இறங்கினார்கள். 1789-இல் பவுன்டி என்ற ஆங்கிலேயக் கப்பலில் கலகம் செய்த மாலுமிகளும் அவர்களோடு போன தஹிதித் தீவுப் பெண்களும் பெற்ற வம்சம். இன்றைக்கும் இங்கே கிறிஸ்டியன், ஆடம்ஸ், குவின்டால் என்ற குடும்பப் பெயர்கள்தான். ஒரே பெயரில் ஏகப்பட்ட பேர் இருப்பதால் தொலைபேசிப் புத்தகத்தில் பட்டப்பெயரும் அச்சடித்திருக்கிறார்கள். நம் ஊரில் 'கொக்கு' சுப்பையா, 'மொட்டை' சுப்பையா இருப்பது மாதிரி. என்ன, நம்மவர்கள் அதை அச்சில் போட்டால் வெட்டுக்குத்து ஆகிவிடும். இங்குள்ள ஒரு நத்தைப் பேரினத்துக்குப் பெயர் குவின்டாலியா. தெருவில் ஒரு குவின்டால், இலைச் சருகில் ஒரு குவின்டால்.

அப்பா சரித்திரத்தில் கவனமில்லாமல் ஒவ்வொரு கல் சுவரின் நிழல் பக்கமும் குனிந்து பார்த்துக்கொண்டே வந்தார். முழங்கால் வலிக்காரர். அரை மணிக்கு ஒரு தரம் உட்கார வேண்டும். "காஞ்சு கெடக்கு. இங்க இருக்காது," என்பதுதான் கிங்ஸ்டன் பற்றிய அவர் தீர்ப்பு.

நாங்கள் தங்கியிருக்கும் வீட்டுக்காரம்மா ராத்திரி பச்சை வாழைக்காயைத் துருவி, உருட்டி வேகவைத்துத் தேங்காய்ப் பாலில் போட்டுத் தந்தார். 'மடா' என்று பெயர். தஹிதி வழி வந்த சமையல். நாங்கள் சைவம் என்றதும் அவர் முகத்தில் முதலில் கவலை படர்ந்தது. இங்கே சாப்பாடென்றால் மீன்தான். அப்புறம் இதை நினைத்துக்கொண்டார் போல. அப்பா இரண்டு தரம் வாங்கிச் சாப்பிட்டார். "உப்பு கொஞ்சம் தூக்கலா இருந்தா நம்ம பால் கொழுக்கட்டைக்கு அண்ணன் தம்பி." பால் கொழுக்கட்டைக்கு எதற்கு உப்பு என்று நான் கேட்கவில்லை.

நாள் 3

இன்றைக்குத்தான் காடு.

தேசியப் பூங்காவின் பெரும் பகுதி பிட், பேட்ஸ் என்ற இரண்டு மலைகளைச் சுற்றியிருக்கிறது. மலை என்றால் 320 மீட்டர்தான், குற்றால மலை பார்த்தவர்கள் சிரிப்பார்கள். பிட் மலை உச்சி வரைக்கும் கார் போகும். அங்கிருந்து பார்த்தால் தீவின் நாலா பக்கமும் கடல் தெரிகிறது. ஒரு காலத்தில் கரை வரைக்கும் காடாக இருந்த இடம். இப்போது உள்ள நல்ல காடெல்லாம் இந்தப் பூங்காவுக்குள்தான், அதுவும் சில சதுர கிலோமீட்டர்.

உச்சியிலிருந்து இறங்கி, பாம் க்ளென் என்ற பள்ளத்தாக்குப் பாதைக்குப் போனோம். பத்தடி உள்ளே போனதும் காற்று மாறியது. குளிர்ச்சியான, ஈர வாடை. மரப் பெரணிகள் தென்னை உயரத்துக்கு நிற்கின்றன. நடுவே நார்ஃபோக் பனை. அப்பா அதன் அடிமரத்தைத் தொட்டுப் பார்த்து, "ஏட்டி, இது கமுகுல்லா!" என்றார். கமுகு இல்லைதான். ஆனால் வளையம் வளையமான தண்டு, உச்சியில் பச்சையாக உருண்ட கழுத்து, அதைச் சுற்றிப் பாளை, எல்லாம் கமுகு ஜாடை. கீழே பாதையோரம் முழுக்க விழுந்த மட்டைகள். பாக்குமட்டைத் தட்டு செய்வோமே, அதே போலக் குழிந்த அடிப்பாகம், ஒவ்வொன்றிலும் கையளவு மழைத் தண்ணீரும் மக்கிய இலையும்.

அப்பா நின்றுவிட்டார். "இதுக்கு அடியிலதான் இருக்கும்."

"எப்படிப்பா சொல்றீங்க?"

"ஈரச் சாக்கு போடுவோம்லா. ராத்திரி தோட்டத்துல ஈரச் சாக்க விரிச்சு, அடியில நாலு பப்பாளி இலை, முட்டக்கோசு இலை வச்சிட்டுப் போயிருவோம். காலையில தூக்குனா அம்புட்டு நத்தையும் அதுக்கடியில ஒதுங்கியிருக்கும். வெயிலு வந்தா அதுக்கு ஒடம்பு காஞ்சுரும்லா, ஈரம் எங்க இருக்கோ அங்கதான் போவும். இந்த மட்டையும் ஒரு ஈரச் சாக்குதான்."

சரியாக அதுதான் நடந்திருக்கிறது. தீவில் வாழும் இயற்கை ஆர்வலர் ஒருவர் எடுத்த நத்தைப் படம் சிட்னியில் உள்ள ஆஸ்திரேலிய அருங்காட்சியகத்துக்குப் போய், அங்கே நத்தை ஆராய்ச்சி செய்யும் இசபெல் ஹைமனும் சகாக்களும் 2020 மார்ச்சில் இங்கே வந்தார்கள். தீவு கடும் வறட்சியில் இருந்த சமயம். காட்டிலேயே ஈரம் தங்கியிருந்த ஒரு மறைவான பள்ளத்தில், விழுந்த பனை மட்டைகளுக்கு நடுவே, கேம்பெல் நத்தை உயிரோடு இருந்தது. உலகத்தில் அதற்கு மிஞ்சியிருந்த இடம் அந்த ஒரு பள்ளம்தான்.

அந்தப் பள்ளம் எங்கே என்று யாருக்கும் சொல்வதில்லை. இதை அப்பாவிடம் சிட்னியிலேயே சொல்லியிருந்தேன். அவர், "நேர்ல போயிட்டா யாராவது காட்டுவாங்கல்லா" என்று நம்பிக்கையாக இருந்தார். பாதையில் எதிரே வந்த பூங்காக் காவலரிடம் இந்த நம்பிக்கையோடு போய் நின்றார்.

அப்பாவின் ஆங்கிலம் ஆபீஸ் கடித ஆங்கிலம். தாம் ஓய்வு பெற்ற வேளாண் அலுவலர், நத்தை ஒழிப்பில் அனுபவம் உள்ளவர், தங்கள் நத்தையைப் பார்வையிட அனுமதி வேண்டும் என்று நிமிர்ந்து நின்று கேட்டார். காவலர் 'ஒழிப்பில்' என்ற இடத்தில் கொஞ்சம் திடுக்கிட்டது எனக்குத் தெரிந்தது.

"எத்தனை நத்தையை ஒழித்திருப்பீர்கள்?" என்று கேட்டார்.

"எண்ணவில்லை. டிராக்டர் டிரெய்லரில் அள்ளினோம்."

காவலர் வாய்விட்டுச் சிரித்தார். இடத்தைக் காட்ட முடியாது என்று மரியாதையாகச் சொன்னார். ஆனால் அவசரமாகப் போக வேண்டியவர் எங்களோடு அரை மணி நேரம் நின்றார். எதிரிப் படையிலிருந்து ஓய்வு பெற்ற சிப்பாயைப் பார்க்கிற சுவாரசியம் அவருக்கு.

பாதையோரத்தில் அங்கங்கே இருந்த பெட்டிகளைக் காட்டினார். எலிக்கு வைக்கும் விஷப் பெட்டிகள். பாலினேசியர்கள் வந்தபோது ஒரு வகைச் சின்ன எலி கூடவே வந்தது. 1940-களில் கறுப்பு எலி வந்தது, போர்க்காலத்தில் விமானத் தளம் போட்ட சமயம். நத்தை ஓட்டைக் கடித்து உடைத்துத் தின்பதில் எலிக்கு இணை இல்லை. போதாக்குறைக்குக் கோழி. தீவு முழுக்கக் காட்டில் திரிகிற, யாருக்கும் சொந்தமில்லாத கோழிகள். சருகைக் கிளறிப் போட்டால் நத்தைக்கு வீடும் போயிற்று, உயிரும் போயிற்று. இந்தத் தீவுக் கூட்டத்தில் மட்டும் அறுபதுக்கும் மேற்பட்ட நிலநத்தை இனங்கள் பதிவாகியிருக்கின்றன. அவற்றில் ஐந்து, ஆஸ்திரேலியச் சட்டப்படி மிக அருகிய நிலையில் உள்ளவை.

"அப்படியானால் விஷம் வைப்பதும் கொல்வதும்தான் உங்கள் வேலை. அதே வேலைதான் எனக்கும்," என்றார் அப்பா.

"ஆமாம், நீங்கள் கொன்றதைக் காப்பாற்றுவதற்காக," என்றார் அவர்.

மேலே ஏதோ பறவை கூவியது. காவலர் நிமிர்ந்து பார்த்து, பச்சைக் கிளி என்றார். அது 1980-களில் ஐம்பதுக்கும் கீழே இறங்கியிருந்ததாம். ஆந்தை கதை இன்னும் மோசம். 1986-இல் இந்தத் தீவு ஆந்தையில் உலகத்திலேயே மிச்சம் ஒரே ஒரு பெண். அடுத்த வருஷம் நியூசிலாந்திலிருந்து உறவுக்கார இன ஆண் ஆந்தைகளைக் கொண்டுவந்து விட்டார்கள். இன்றைக்கு இங்கே கத்துகிற ஆந்தையெல்லாம் அந்த ஒருத்தியின் வம்சம்.

கிளிக்கும் ஆந்தைக்கும் இப்படி ஆள் ஓடி வரும். நத்தைக்கு யார் வருவார்கள் என்பதுதான் எனக்கு வியப்பு. வந்திருக்கிறார்கள். 2021-இல் சில டஜன் நத்தைகளைப் பிடித்து சிட்னி டரோங்கா உயிரியல் பூங்காவுக்குக் கொண்டுபோனார்கள். இந்த நத்தை என்ன தின்னும், எந்த ஈரத்தில் முட்டை இடும் என்று யாரும் எழுதி வைக்காததால் எல்லாவற்றையும் முதலிலிருந்து கற்றுக்கொண்டார்கள். பெருகியது. 2025-இல் நூற்றுக்கணக்கில் விமானம் ஏற்றி இங்கே கொண்டுவந்து, ஓட்டில் எண் ஒட்டிக் காட்டில் விட்டார்கள். டூங்காபியிலிருந்து ஒரு மணி நேரத்தில் போய்விடக்கூடிய டரோங்காவில் பிறந்த நத்தைகளைப் பார்க்க நான் கடல் தாண்டி வந்திருக்கிறேன். அங்கேயும் அவை பார்வையாளருக்கு வைக்கப்படவில்லை என்பது மட்டும் ஆறுதல்.

காவலர் போகும்போது அப்பாவிடம் ஒன்று சொன்னார். காட்டில் எந்த மட்டையையும் புரட்டக் கூடாது. ஒரு தரம் புரட்டினாலே அடியில் உள்ள ஈரம் போய்விடும். தங்கியிருக்கும் வீட்டுத் தோட்டத்தில், வீட்டுக்காரர் சம்மதித்தால், என்ன வேண்டுமானாலும் செய்துகொள்ளலாம்.

திரும்பும்போது அப்பா ஒரு கம்பை ஊன்றிக்கொண்டு, இரண்டு கையும் பின்னால் கட்டிக்கொள்ள முடியாத குறையாக, மட்டைகளைப் பார்த்துக்கொண்டே மட்டும் வந்தார். தின்பண்டக் கடை வழியே பிள்ளையைக் கூட்டிப்போகிற மாதிரி இருந்தது எனக்கு.

நாள் 4

விடியற்காலையிலிருந்து மழை. தாவரவியல் பூங்காவில் மரப்பலகைப் பாதை இருக்கிறது, அப்பாவின் முழங்காலுக்கு ஏற்றது என்று போனோம். முக்கால் மணி நேரத்தில் நனைந்து திரும்பினோம். மற்றபடி நாள் முழுக்க வராந்தாதான்.

வராந்தாவில் அப்பா பேசினார். அம்மா போன பிறகு அவர் இவ்வளவு நேரம் தொடர்ந்து பேசி நான் கேட்கவில்லை.

ராட்சத நத்தை இந்தியாவுக்கு எப்படி வந்தது என்று எனக்குத் தெரியாது. அப்பாவுக்குத் துறைப் பயிற்சியில் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள். 1847-இல் பென்சன் என்ற வெள்ளைக்காரர், அவரும் சங்கு நத்தை சேகரிக்கும் ஆர்வலர்தான், மொரிஷியஸிலிருந்து சில நத்தைகளைக் கொண்டுவந்தார். அவை கல்கத்தாவில் ஒரு தோட்டத்தில் விடப்பட்டன. அவ்வளவுதான். "ரெண்டு இருந்தாக்கூடப் போதும். ஒவ்வொண்ணும் ஆணும் அதுதான், பொண்ணும் அதுதான். கோடை வந்தா ஓட்டு வாயை எச்சில் வச்சு அடைச்சிட்டு மாசக்கணக்கா ஒறங்கும். செத்துட்டுன்னு நாம அறிக்கை எழுதி அனுப்பியிருப்போம். மழை விழுந்த மக்யா நாள் எந்திரிச்சு வரும்."

"அறிக்கையில என்ன எழுதுவீங்க?"

"நூறு சதம் கட்டுப்படுத்தப்பட்டதுன்னு." கொஞ்ச நேரம் மழையைப் பார்த்தார். "அதான் அன்னைக்குக் கேட்டேன், எழுதுனவன் போய்ப் பாத்தானான்னு. நான் எழுதுனவன்லா."

பசிபிக் தீவுகளில் இதே ராட்சத நத்தையால் நடந்த இன்னொரு கதையை நான் சொன்னேன். தஹிதிக்கு அதை உணவுக்காகக் கொண்டுவந்தார்கள். அது பயிரைத் தின்றது. அதைத் தின்ன, ஓநாய் நத்தை என்கிற புளோரிடாப் பக்கத்து ஊன் தின்னி நத்தை ஒன்றை 1974-இல் தஹிதியிலும் 1977-இல் பக்கத்துத் தீவான மூரியாவிலும் விட்டார்கள். அந்த ஓநாய் நத்தை, ராட்சத நத்தையை விட்டுவிட்டு, அந்தந்தத் தீவுக்கே உரிய பார்ட்டுலா என்ற சின்ன மர நத்தைகளை வேட்டையாடித் தின்றது. பத்தே வருஷத்தில் மூரியாக் காட்டில் பார்ட்டுலா இல்லை. விஞ்ஞானிகள் கடைசி நேரத்தில் அள்ளிக்கொண்டுபோய் உயிரியல் பூங்காக்களில் வளர்த்த சில இனங்கள்தான் தப்பின. நார்ஃபோக்காரர்களின் பாட்டிமார் தஹிதியில் பார்த்திருக்கக்கூடிய நத்தைகள் அவை.

அப்பா தலையைத் தலையை ஆட்டினார். "எங்ககிட்டயும் ஒரு மேலதிகாரி சொன்னாரு, எதிரி நத்தைய விட்டா என்னன்னு. நல்லவேளை ஃபைல் நகரல."

அரசாங்க ஃபைல் நகராததால் விளைந்த நன்மை என்று என் வாழ்நாளில் கேட்டது இது ஒன்றுதான்.

தொல்காப்பியம் நத்தையை 'நந்து' என்கிறது, ஈரறிவு உயிர்களில் வைக்கிறது. தொடு உணர்வும் சுவையும் மட்டும் உள்ளது என்று. பள்ளியில் படித்தபோது அது ஏதோ குறை சொல்வது போலத் தோன்றியது எனக்கு. இந்த மழையில் உட்கார்ந்து யோசித்தால், ஈரம் எங்கே இருக்கிறதென்று உடம்பாலேயே தெரிந்துகொள்கிற உயிருக்கு அந்த வரையறை சரியாகத்தான் பொருந்துகிறது. வாசனையை விட்டுவிட்டார்கள். கீரைப் பாத்திக்கு அது எத்தனை தூரத்திலிருந்து வருகிறதென்று எனக்குத் தெரியும்.

சாயங்காலம் மழை விட்டதும் அப்பா வீட்டுக்காரம்மாவிடம் போய் ஒரு சணல் சாக்கு கேட்டார். எதற்கு என்று விளக்கினார், பாதி கையால். அந்தம்மாவுக்குப் பயங்கர உற்சாகம். காப்பிக்கொட்டை வந்த சாக்கு ஒன்றைத் தேடி எடுத்து வந்தார். கூடவே ஒரு முட்டைக்கோசின் மேல் இலைகள். வீட்டின் பின்னால் தோட்டம் முடிந்து பனைகள் ஆரம்பிக்கிற இடத்தில், ஒரு மட்டை தானாக விழுந்து கிடந்த பக்கமாக, அப்பா சாக்கை நனைத்து விரித்தார். நாலு மூலையிலும் கல் வைத்தார். எத்தனை ஆயிரம் தரம் செய்த வேலையோ, கை யோசிக்காமல் போயிற்று. "கோழி கிளறிராம பாத்துக்கிடணும்," என்று என்னிடம் சொல்லி, அந்தம்மாவின் பழைய துணி காயப்போடும் கூண்டு ஒன்றையும் வாங்கி மேலே கவிழ்த்தார்.

ராத்திரி டைரியில்: 'மழை: நல்ல மழை. செய்த பணி: பொறி வைத்தல், 1.'

நாள் 5

விமானம் மதியத்துக்கு மேல்தான். ஆறு மணிக்கே என்னை எழுப்பிவிட்டார். வீட்டுக்காரம்மாவும் ரப்பர் பூட்ஸ் போட்டுக்கொண்டு, டீக் கோப்பையோடு வந்து நின்றார்.

கல்லை எடுத்து, சாக்கை ஒரு ஓரத்திலிருந்து மெதுவாகச் சுருட்டினார் அப்பா. நாலு தோட்டத்து நத்தைகள். என் கீரைப் பாத்தியில் இருக்கும் அதே ஐரோப்பிய வகை, இங்கேயும் வெளியிலிருந்து வந்ததுதான். ஒரு ஓடில்லா நத்தை. சில மரவட்டைகள். எனக்கு ஏமாற்றமாக இருந்தது. கேம்பெல் நத்தை இந்தத் தோட்டத்தில் இருக்காது என்று நன்றாகத் தெரிந்தும்தான்.

அப்பா எழுந்திருக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு, முட்டைக்கோசு இலைக்கு அடியில் இருந்த மக்கிய பனையோலைத் துண்டைக் காட்டினார். "அங்க பாரு. கடுகு."

கடுகேதான் என்றுதான் நானும் நினைத்தேன். போனில் உருப்பெருக்கிப் பார்த்தேன். கடுகுக்குச் சுருள் இருந்தது. பழுப்பு நிறம், இரண்டு மில்லிமீட்டருக்கு மேல் இருக்காது. கொஞ்ச நேரம் மூச்சு விடாமல் பார்த்துக்கொண்டிருந்தோம். அப்புறம் அதன் ஒரு பக்கத்திலிருந்து, கண்ணாடி நூல் மாதிரி இரண்டு கொம்பு வெளியே வந்தது.

வீட்டுக்காரம்மா டீயைக் கீழே வைத்தார். அறுபது வருஷமாக இதே வீட்டில் இருக்கிறாராம். பார்த்ததில்லை.

படம் எடுத்துப் பூங்கா அலுவலகத்துக்கு அனுப்பினேன். ஒரு மணி நேரத்தில் பதில் வந்தது. இலைச் சருகில் வாழும் உள்ளூர் வகைகளில் ஒன்றாக இருக்கலாம், படத்தை வைத்து எதுவென்று சொல்ல முடியாது, எடுத்த இடத்திலேயே வைத்துவிடவும். அதற்குள் அப்பா வைத்துவிட்டிருந்தார். ஒரு புல் நுனியால் ஓலைத் துண்டோடு சேர்த்து நகர்த்தி, தானாக விழுந்து கிடந்த அந்த மட்டையின் அடியில் செருகி, மேலே கொஞ்சம் ஈரச் சருகையும் தூவியிருந்தார். மட்டையைத் தூக்கவே இல்லை.

பாக்கி இருந்தது நாலு தோட்டத்து நத்தை. "கோழிக்குப் போடலாமா?" என்று நான் கேட்டேன்.

"கோழிக்கு இந்த ருசியப் பழக்கிவிடச் சொல்லுதியா?" என்றார். நாலையும் பொறுக்கி, தோட்டத்துக் கல் மேல் வைத்து, செருப்புக் காலால் ஒவ்வொன்றாக மிதித்தார். வேகமாகவும் இல்லை, தயக்கமாகவும் இல்லை. செருப்பைத் தோட்டக் குழாயில் நன்றாகக் கழுவினார், அடிப்பக்கம் வரி வரியாக ஒரு குச்சியால் சுரண்டி. வீட்டுக்காரம்மா சாக்கை மடித்து எடுத்துக்கொண்டு, இன்று ராத்திரியும் விரிக்கப் போவதாகச் சொன்னார். எத்தனை நேரம் நனைக்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டார்.

விமானத்தில் ஜன்னல் இருக்கையை எனக்குக் கொடுத்துவிட்டு அப்பா மடிமேசையை விரித்து நோட்டை எடுத்தார். பைன் மரங்கள் சின்னதாகி மறைகிற வரைக்கும் நான் வெளியே பார்த்தேன். திரும்பிப் பார்த்தபோது எழுதி முடித்து, நோட்டை மூடாமல் அப்படியே தூங்கிவிட்டிருந்தார். கட்டம் போட்ட பக்கத்தில், அரசாங்க எழுத்தில்:

'பொறி பார்வையிடப்பட்டது. அழிக்கப்பட்டவை: 4. விடுவிக்கப்பட்டது: 1. இனம் தெரியவில்லை. உயிருடன் உள்ளது, நேரில் பார்த்தேன்.'